நான் என்று சொல்லும் வேலை

பீல் நகரத்தில் தெருப்பலகைக்கு இரண்டு நாக்கு.
நீதிமன்றத்தின் இரண்டாம் மாடியில்
மூன்றாவது நாக்கு நான்.
மணிக்கணக்கில் கூலி, ரயில் செலவு தனி.

அவர் "நான்" என்றால் நானும் "நான்" என்றே சொல்ல வேண்டும்.
"அவர் சொல்கிறார்" என்று வேலி போட்டுக்கொள்ள முடியாது.
கூட்டாதே, குறைக்காதே, முகத்தில் காட்டாதே.

அன்று கோப்பில் இருந்த பெயர்
கந்தப்பு தேவசிகாமணி,
சமையல் உதவியாளர், வயது ஐம்பத்திரண்டு.
ஆள் உள்ளே வந்த பிறகுதான் தெரிந்தது
நெய்தலோன் என்று.
பின்னட்டைப் படத்தில் பார்த்த அதே நெற்றி.

இவரை உங்களுக்குத் தெரியுமா என்று நீதிபதி கேட்டார்.
தெரியாது என்றேன்.
அது பொய்யா என்று இன்றுவரை தீரவில்லை.

என் மகன் ஏழாம் மாதத்தில் பிறந்து
கண்ணாடிப் பெட்டிக்குள் பதினொரு இரவு கிடந்தபோது
என்னிடம் இருந்தது ஒரு துவாயும் இவர் புத்தகமும்.
நாற்பத்தோராம் பக்கம்.
மீன் கழுவும் மனைவியின் கைகள்.
"உப்பு உலர்ந்த பின்னும்
உன் விரலிடுக்கில் கடலுக்கு வேலை இருக்கிறது."
பெட்டியின் வட்டத் துளைக்குள் கையை விட்டபடி
சொல்லிக்கொண்டே இருந்தேன்.
தாதி அதைச் செபம் என்று நினைத்தாள்.
பிள்ளை பிழைத்ததற்குக் கவிதை காரணமில்லை.
நான் பிழைத்ததற்கு இருக்கலாம்.

"நான் அவளை ஒருநாளும் தொட்டதில்லை" என்றார்.
நான் அவளை ஒருநாளும் தொட்டதில்லை
என்றேன் ஜெர்மனில்.
தமிழைப் போலவே அங்கும்
வினை கடைசியில்தான் வந்து விழும்.

பிறகு தவமலர்.
எந்தக் கையால் என்று கேட்டார்கள்.
"எனக்கு அடிக்கிறது இடது கையாலை.
வலது கை நொந்தால் எழுத ஏலாது எண்டு சொல்லுவார்."
நான் சொன்னதில் பிழை இருக்கும் என்று எண்ணி
நீதிபதி மறுபடி கேட்டார்: எழுதவா?
எழுத.
சமையல் உதவியாளர் எதை எழுதுவார்?
"கவிதை" என்றாள்.
கவிதை என்றேன்.
அந்த அறையில் அது ஒரு மருந்தின் பெயர் போலக் கேட்டது.

இடைவேளையில் அவளோடு கதைக்கக்கூடாது.
கோப்பி இயந்திரத்தில் என் சில்லறை சிக்கியது.
அவள் வந்து ஒரு தட்டுத் தட்டினாள், விழுந்தது.
என்னைப் பார்க்காமலே சொன்னாள்:
"நீங்கள் வாசிக்கிற ஆள்.
அவரைப் பாத்த பார்வையிலை தெரிஞ்சுது.
அந்த மீன் கவிதை நல்லதுதான்.
கூடாததாய் இருந்திருந்தால் எனக்கு லேசு."
கொஞ்சம் கழித்து,
"ஆனால் மீன் கழுவுறது அவர், ரெஸ்டோரன்டிலை.
எனக்குத் தொட்டாலே கை கொப்பளிக்கும்."

அப்படியானால் பதினொரு இரவும்
நான் பிடித்திருந்தது யாருடைய கை?

செய்தி என் வாயால் போகவில்லை. ஊருக்கு வாய் பல.
வாசகர் வட்டத்துப் பாக்கியநாதர் தொலைபேசியில் சொன்னார்,
"நதிமூலம் ரிஷிமூலம் பாக்கப்படாது, தங்கச்சி."
ஓம் என்றேன். அடுப்பில் பருப்பு இருந்தது.

இந்த நாட்டில் வருடத்துக்கு ஒருமுறை
குழாய்த் தண்ணீரைப் பற்றி ஒரு தாள் வரும்.
எந்த ஊற்று, எவ்வளவு சுண்ணாம்பு,
வயலிலிருந்து என்ன கசிந்திருக்கிறது.
அதைப் படித்துவிட்டுக் குடிப்பதை நிறுத்தியவரை
நான் கண்டதில்லை.
ஆனாலும் தாள் வருகிறது.

நேற்றுப் புத்தகத்தை எடுத்தேன்.
நாற்பத்தோராம் பக்கம் தானாகவே திறந்தது,
நான் உடைத்துப் பழக்கிய முதுகு.
வரி நன்றாகவே இருந்தது, பாவி.
ஓரத்து வெள்ளையில்
பென்சிலால் இரண்டு சொல் எழுதினேன்.

இப்போது மகனுக்கு வயது பதினாறு,
என்னைவிட ஒரு சாண் உயரம்.
தமிழ் இன்னும் எழுத்துக் கூட்டித்தான் வரும்.
தோளுக்குப் பின்னால் நின்று
கவிதையை விட்டுவிட்டு
ஓரத்திலிருந்து தொடங்கினான்:
இ…
ட…